ஞாயிற்றுக்கிழமை மழை

அன்பு உறவுகளுக்கும் அண்ணனின் நண்பர்களுக்கும் வணக்கம்.

அண்ணன் இல்லாத ஒரு வருடம் முடிகிறது. இந்த நினைவு மலரின் முதல் பக்கத்தில் அவருடைய படமும், அடுத்த பக்கத்தில் அவர் வகித்த பதவிகளின் பட்டியலும் இருக்கின்றன. பட்டியலைத் தயாரித்தவர் அவருடைய மகன். கனடாவில் ஆற்றுநீர் அளக்கும் அலுவலகத்தில் உதவியாளர் என்று தொடங்கி, வெள்ள முன்னறிவிப்பு நிறுவனத்தின் தலைவர், பிறகு அரசாங்கத்தின் அறிவியல் தொழில்நுட்ப அமைப்பு ஒன்றின் தலைவர் என்று அது நீண்டுகொண்டே போகிறது. அண்ணன் பார்த்திருந்தால், "இதுல பாதி வெறும் மீட்டிங்குதான், வெட்டிரு" என்று சொல்லியிருப்பார்.

என்னைக் கட்டுரை எழுதச் சொன்னார்கள். முப்பது வருடத்துக்கு மேல் பிள்ளைகளின் கட்டுரைகளைத் திருத்தியவளுக்கு ஒரு கட்டுரை எழுத வரவில்லை. மூன்று தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். மூன்றிலும் அண்ணன் சிலை மாதிரி நின்றார். அவர் அப்படி நிற்கிற ஆள் இல்லை. ஆகவே எனக்குத் தெரிந்த அண்ணனை எனக்குத் தெரிந்தபடி எழுதுகிறேன். கோபமாக எழுதிய இடம் வந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். எனக்கு அவர் மேல் நிறையக் கோபம் உண்டு. இப்போது முதல் கோபம், சொல்லாமல் போனது.

பொகவந்தலாவை பஜாரிலிருந்து போகும் பஸ் திரும்பிவிடும் இடத்துக்கு மேலே இன்னும் இரண்டு கட்டை தூரம் ஏறினால் எங்கள் தோட்டத்தின் மேல் டிவிசன் வரும். அங்கே பத்து வீடுகள் ஒரே கூரைக்குக் கீழே ஒட்டியிருக்கும் லயத்தில் நான்காவது காம்பிராவில் அண்ணன் பிறந்தார். அம்மா கொழுந்து எடுத்தார். அப்பா தோட்டத்துத் தப்பால்காரர். காலையில் தபால் பையை எடுத்துக்கொண்டு பஜாருக்கு இறங்கி, மத்தியானம் துரைக்கும் ஆபீசுக்கும் வந்த கடிதங்களோடு ஏறி வருவார். அண்ணன் பிறந்தபோது எங்களுக்கு நாடு என்று ஒன்று இல்லை. அப்பா பிரஜாவுரிமைக்கு மனுப் போட்டு, விசாரணை விசாரணையென்று நுவரெலியாவுக்கு நடையாய் நடந்து, கடதாசி கைக்கு வந்தபோது அண்ணன் ஒன்பதாம் வகுப்பில் இருந்தார். ஊருக்கெல்லாம் சுமந்த தபாலில் தனக்கு வந்த ஒரே கடிதம் அதுதான் என்று அப்பா சொல்வார்.

அப்பாவுக்கு இன்னொரு வேலையும் இருந்தது. ஆபீஸ் முற்றத்தில் மழை அளக்கிற செப்புப் பாத்திரம் ஒன்று பதித்திருந்தார்கள். நாங்கள் அதை மழைக் கேன் என்போம். தினமும் காலையில் அப்பா அதில் சேர்ந்த தண்ணீரைக் கோடு போட்ட கண்ணாடிக் குவளையில் ஊற்றி, அளவைப் பார்த்துக் கிளாக்கர் ஐயாவிடம் சொல்ல வேண்டும். அவர் அதை மழைப் புத்தகத்தில் எழுதுவார். அப்பாவுக்கு எண்கள் சரியாகப் பிடிபடாது. ஐந்தாம் வகுப்பிலேயே அண்ணன் போய்க் குனிந்து, கண்ணைக் குவளைக்கு நேராக வைத்துப் படித்துச் சொல்லிவிட்டுத்தான் பள்ளிக்கூடம் போவார். சிறிது சாய்ந்து பார்த்தாலும் கணக்கு மாறிவிடும் என்பதை அவருக்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஆபீஸ் கேட்டைப் பூட்டிவிடுவார்கள். அன்று அப்பா எங்கள் இருவரையும் பஜாருக்குக் கூட்டிப்போவார். எனக்கு வளையல், அண்ணனுக்குப் பழைய பத்திரிகை, மூவருக்கும் சூடாக வடை. அந்த ஞாயிற்றுக்கிழமையைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு அது வேண்டும்.

அட்டனில் விடுதியில் தங்கி உயர்தரம் படித்து, எங்கள் டிவிசனிலிருந்து பல்கலைக்கழகத்துக்கு முதலில் போனவர் அண்ணன். பொறியியலாளராகி நீர்ப்பாசனத்தில் சில வருடங்கள் வேலை பார்த்தார். பிறகு புலமைப்பரிசில் கிடைத்துக் கனடாவுக்குப் போனார். படிப்பு முடிந்தால் திரும்பி வருவதாகத்தான் ஏற்பாடு. அதற்குள் இங்கே கலவரம் வந்து நிலைமை கெட்டது. எங்கள் லயத்து ஆட்களே இரண்டு இரவு தேயிலைக்குள் ஒளிந்திருந்தோம். அடுத்த நாள் அப்பா என்னை உட்காரவைத்து, "அண்ணனுக்கு எழுது. வர வேணாம்னு எழுது. அப்பா சொன்னாருன்னு எழுது" என்றார். எழுதியது நான். அந்தக் கடிதத்தை அண்ணன் கடைசிவரை பத்திரமாக வைத்திருந்தார் என்று அண்ணி சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

அங்கே அவருக்குப் பட்டுக் கம்பளம் விரிக்கவில்லை. இங்கே பொறியியலாளராக இருந்தவர் அங்கே முழங்கால் பனியில் நின்று ஆற்றின் உயரத்தைக் குறித்துக்கொண்டிருந்தார். முதல் நேர்முகத்தில், மழை அளக்க எங்கே பழகினீர்கள் என்று கேட்டார்களாம். அப்பாவிடம் என்றாராம். உங்கள் அப்பா வானிலை அதிகாரியா என்றதற்கு, "இல்லை, தபால் சுமப்பவர்" என்றாராம். அந்த வேலை கிடைத்தது. அண்ணி இதைச் சொல்லும்போதெல்லாம் அண்ணன் எழுந்து சமையலறைப் பக்கம் போய்விடுவார்.

படிப்படியாக ஏறினார். இருநூறு முந்நூறு பேர் அவருக்குக் கீழே வேலை பார்த்தார்கள். வெள்ள எச்சரிக்கை கொடுக்கலாமா வேண்டாமா என்று அமைச்சர்கள் அவருடைய வாயைப் பார்த்துக்கொண்டிருப்பார்களாம். எத்தனை பெரிய கூட்டத்தில் யார் எந்தக் கணக்கைக் காட்டினாலும் அவர் முதலில் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: "இதைப் போய்ப் பார்த்துப் படித்தவர் யார்?" படித்தவரின் பெயர் தெரியாத கணக்கை மேசையிலேயே விடமாட்டாராம். இதை எனக்குச் சொன்னவர் அவருடன் வேலை பார்த்த ஓர் அம்மையார். அவர் தமிழர் அல்ல. அண்ணனின் இறுதிச் சடங்கில் அந்தக் கேள்வியை, அவரிடம் கற்றுக்கொண்ட தமிழிலேயே சொல்லிக் காட்டியிருக்கிறார்.

எங்களுக்கு அவர் அதிகாரியாக இருந்ததேயில்லை. ஞாயிறுதோறும் மாலை ஆறு மணிக்கு ஃபோன் வரும். நலமா என்று கேட்கமாட்டார்.

"புஷ்பம், மழை எவ்வளவு?"

"கணிசமாப் பெஞ்சுச்சு அண்ணே."

"கணிசம்னா எவ்வளவு?"

"கணிசம்னா கணிசம்தான். வெளிய காயப்போட்ட துணியெல்லாம் மறுபடி நனைஞ்சிருச்சு. போதுமா?"

அதோடு விட்டாரா? பிளாஸ்டிக்கில் ஒரு மழைமானியை வாங்கி, தெரிந்தவர் ஒருவரிடம் கொடுத்தனுப்பினார். மழையில் நனைந்து அதைப் பார்க்க எனக்கென்ன தலையெழுத்து? வாசலில் கூரை விளிம்புக்குக் கீழே, கதவைத் திறந்தால் கைக்கு எட்டுகிற இடத்தில் கட்டிவைத்தேன். இரண்டு வாரம் கணக்குச் சொன்னேன். மூன்றாவது வாரம் அண்ணன் நிதானமாகக் கேட்டார்: "நீ சொல்ற கணக்குக்கு இந்நேரம் அட்டன் டவுனே மிதந்திருக்கணும். கூரைத் தண்ணியையா புடிச்சு வச்சிருக்கே?" உலகத்தின் அந்தக் கோடியில் இருந்துகொண்டு என் வீட்டுத் தாழ்வாரத்தைக் கண்டுபிடித்துவிட்டார். அன்றைக்கு வந்த ஆத்திரத்தில் அந்த மழைமானியில் கறிவேப்பிலைக் கொப்பைச் செருகிவைத்தேன். அதில் மணி பிளான்ட் வைத்திருக்கிறேனா என்று அடுத்த ஞாயிறு கேட்டார். இல்லை என்று உண்மையைத்தான் சொன்னேன்.

ஓய்வு பெற்ற பிறகு அண்ணன் வருடத்தில் இரண்டு மாதம் இங்கே வந்து இருப்பார். நான் ஓய்வு பெற்று, தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்தில் சிறியதாக ஒரு வீடு கட்டியிருந்தேன். அண்ணிக்குச் சொந்த ஊர் நோர்வூட். இரண்டு வீட்டுக்கும் நடுவே அலைவார். அவருடைய மனமெல்லாம் மேல் டிவிசனில்தான் இருந்தது. நாங்கள் பிறந்த அதே லயத்தில் அப்போதும் பத்துக் குடும்பங்கள் இருந்தன. லயத்துக்குப் பின்னால் மலை செங்குத்தாக எழும்பும். மழைக்காலத்தில் அந்த மண் இறங்கக்கூடியது. வேறு இடம் தருவதாக வந்தவர்களெல்லாம் சொன்னார்கள். தரும்வரை என்ன செய்வது என்று யாரும் சொல்லவில்லை.

அதை அண்ணன் கையில் எடுத்தார். ஆபீசில் அடுக்கியிருந்த பழைய மழைப் புத்தகங்களை வாங்கிப் படித்தார். முன்பு அந்தச் சரிவில் இரண்டு தடவை மண் இறங்கியிருக்கிறது. அந்த நாட்களில் எவ்வளவு மழை பெய்தது என்று புத்தகத்தில் பார்த்தார். அதை வைத்து, ஒரு நாளில் இவ்வளவு மழை பெய்தால் லயத்தை விட்டு இறங்கிவிட வேண்டும் என்று ஓர் அளவை முடிவு செய்தார். ஆபீஸ் முற்றத்தில் புதிய கண்ணாடி மழைமானி ஒன்றை வைத்து, அந்த அளவில் சிவப்புக் கோடு போட்டார். கோட்டைத் தண்ணீர் தொட்டால் எல்லாரும் பள்ளிக்கூடத்துக்கு இறங்கிவிட வேண்டும். "தம்பி போட்ட கோடு" என்று பெரியவர்கள் பெருமையாகச் சொல்வார்கள். எனக்கும் பெருமைதான்.

அவர் கனடாவுக்குத் திரும்பிய பின் வந்த மழைக்காலத்தில், ஒரு வியாழக்கிழமை, விடியற்காலையிலிருந்து கொட்டியது. மத்தியானம் ஆபீசில் கேட்டதற்குக் கோட்டுக்கு இன்னும் இரண்டு விரல் இருக்கிறது என்றார்கள். எல்லாரும் வீட்டுக்குள்ளேயே இருந்தார்கள். கடைசிக் காம்பிராவில் இருந்த பார்வதி மட்டும் குடத்தோடு பீலிக்குப் போயிருக்கிறாள். மலையிலிருந்து அந்தப் பீலியில் எப்போதும் கண்ணாடி மாதிரி தண்ணீர் விழும். அன்று செம்மண்ணாக விழுந்திருக்கிறது. குடத்தை அங்கேயே போட்டுவிட்டு ஓடிவந்து, "டீச்சரோட அண்ணன் கோடு ஒரு பக்கம் இருக்கட்டும், மலை கலங்குது, இறங்குங்க" என்று கதவு கதவாகத் தட்டியிருக்கிறாள். முணுமுணுத்துக்கொண்டே இறங்கினார்கள். ஒரு மணி நேரத்துக்குள் லயத்தின் பின்பக்கம் மூன்று சமையலறைகளை மண் மூடியது. உயிர்ச்சேதம் இல்லை என்று எல்லாரும் சொன்னார்கள். பார்வதியின் பசு அதில் போனது. அவளுக்கு அது உயிர்தான்.

அன்று ஞாயிற்றுக்கிழமை இல்லையென்றாலும் நானே அண்ணனைக் கூப்பிட்டுச் சொன்னேன். "கோட்டைத் தொடலையா?" என்று மட்டும் கேட்டார். இதயத்துக்கு ஏற்கனவே ஓர் அறுவைச் சிகிச்சை ஆகியிருந்தது. விமானத்தில் போகக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். பத்தாம் நாள் என் வாசலில் வந்து நின்றார்.

மூன்று நாள் ஆபீசிலேயே கிடந்தார். நான் சாப்பாடு கொண்டுபோவேன், தொடமாட்டார். மூன்றாம் நாள் நான் போனபோது பழைய புத்தகம் இரண்டு அவர் முன்னால் திறந்து கிடந்தன. முன்பு மண் இறங்கிய இரண்டு தேதிகளையும் சொல்லி, என்ன கிழமை என்று ஃபோனில் பார்க்கச் சொன்னார்.

"இது திங்கக்கிழமை அண்ணே."

"மத்தது?"

"அதுவும் திங்கக்கிழமைதான்."

கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "புஷ்பம், ஞாயித்துக்கிழமைல அப்பா என்ன செய்வாரு?"

"நம்மள பஜாருக்குக் கூட்டிக்கிட்டுப் போவாரு."

"அப்ப மழைக் கேனை யாரு பாத்தா?"

எனக்கு அப்போதுதான் புரிந்தது. யாரும் பார்க்கவில்லை. ஞாயிறு பெய்த மழையும் சேர்ந்துதான் திங்கட்கிழமைக் கணக்காகப் புத்தகத்தில் ஏறியிருக்கிறது. இரண்டு நாள் மழையை ஒரு நாள் மழை என்று எடுத்துக்கொண்டு, அண்ணன் கோட்டை மேலே போட்டுவிட்டார். உலகத்தில் வேறு எந்த நிபுணர் இந்தத் தவறைச் செய்திருந்தாலும் மன்னிக்கலாம், அவர்களுக்குத் தோட்டத்து ஞாயிற்றுக்கிழமை தெரியாது. அண்ணனுக்குத் தெரியும். அந்த ஞாயிற்றுக்கிழமைகளில் வடை தின்றவர் அவர்தான்.

"ஊர் ஊராப் போயி, கணக்கப் படிச்சவன் யாருன்னு கேட்டேன்," என்றார். "என் வீட்டுப் புத்தகத்துல கேக்கல." அண்ணன் அழுது நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். இதை எழுதலாமா என்று அண்ணியிடம் கேட்டேன். எழுது என்றார்.

யாருக்கும் சொல்லாமல் கோட்டை அழித்துக் கீழே போட்டிருக்கலாம். கேட்க ஆளில்லை. அண்ணன் அடுத்த நாள் சாயங்காலம், கொழுந்து நிறுத்து எல்லாரும் வீடு திரும்பும் நேரத்தில், மாரியம்மன் கோயில் முன்னால் வரச் சொன்னார். பெரிய பெரிய மேடைகளில் பேசியவர். அன்று செருப்பைக் கழற்றிவிட்டு மண்ணில் நின்று பேசினார்.

"கோடு தப்பு. தப்பு என்னோடது, கிளாக்கரோடது இல்ல, மழையோடதும் இல்ல," என்று தொடங்கி, ஞாயிற்றுக்கிழமைக் கதையைச் சுருக்காமல் சொன்னார். "என் கோட்ட நம்பி நீங்க வீட்டுக்குள்ள இருந்தீங்க. பார்வதி நம்பாததுனாலதான் இன்னிக்கு எல்லாரும் நிக்கிறோம்." பார்வதியைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார்.

வயதான ஒருவர் முன்னால் வந்து, "விடுங்க தம்பி, மனுசன் கை போட்ட கோடுதானே" என்றார். பார்வதிக்கு அது போதவில்லை. "கும்புட்டா மாடு வராதுங்க ஐயா," என்றாள். "கோட்ட சரியாப் போட்டுக் குடுங்க. அது போதும்."

அண்ணன் போட்டுக் கொடுத்தார். மழைமானியை ஆபீஸ் பூட்டுக்குள் வைக்காமல் கோயில் முற்றத்தில், வானத்துக்கு நேராக நட்டார். புதிய கோடு பழைய கோட்டுக்கு வெகுவாகக் கீழே இருந்தது. அதோடு பீலித் தண்ணீர் கலங்கினால் கோட்டைப் பார்க்காமலே இறங்க வேண்டும் என்றும் எழுதி மாட்டினார். அது பார்வதியின் விதி என்றார். இன்னும் ஒன்றுதான் பாக்கியிருந்தது. வார நாட்களில் காலையில் பார்த்து ஊற்ற ஆபீஸ் ஆள் வருவார். ஞாயிற்றுக்கிழமை யார்? எல்லாரும் பஜாருக்குப் போகிற நாள். அண்ணன் யாரையும் கட்டாயப்படுத்தவில்லை. என் பக்கம் திரும்பவும் இல்லை. அவர் திரும்பியிருந்தால் மாட்டேன் என்றிருப்பேன். "நான் பாக்கிறேன்" என்று என் வாயிலிருந்து எப்படி வந்தது என்று இன்றுவரை தெரியாது.

பிறகும் ஞாயிறு ஆறு மணிக்கு ஃபோன் வந்தது. "மழை எவ்வளவு?" இப்போது என்னிடம் எண் இருந்தது. கனடாவுக்குப் போன அண்ணன் திரும்ப வர முடியவில்லை. இதயம் தளர்ந்துகொண்டே போனது. மூச்சுக்கு இடையில் பேசுவார். கடைசியாகப் பேசிய ஞாயிறு நான் எண்ணைச் சொன்னதும், "நீயே பாத்தியா?" என்றார். "பின்ன யாரு, நம்ம துரை வந்தா பாத்தாரு?" என்றேன். சிரித்தார். அந்தச் சிரிப்பு என்னிடம் இருக்கிறது.

புதன்கிழமை போய்விட்டார். எனக்கு விசா கிடைக்கவில்லை. அண்ணன் மகன் பிடித்த ஃபோனில்தான் அண்ணனின் முகத்தைப் பார்த்தேன். அன்று அழுகை வரவில்லை. ஞாயிறு காலை கோயிலடியில் குனிந்து பார்த்தேன், எட்டு மில்லிமீட்டர். சாயங்காலம் ஆறு மணிக்கு அந்த எட்டை வைத்துக்கொண்டு ஃபோனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். கேட்க ஆளில்லை என்று அப்போதுதான் தெரிந்தது. அப்படியே உடைந்து அழுதேன். ஆறு ஐந்துக்கு ஃபோன் அடித்தது. அண்ணி. "புஷ்பம், மழை எவ்வளவு?" என்றார். அதற்கு மேல் இருவராலும் பேச முடியவில்லை.

போன மழைக்காலம் எப்படி இருந்தது என்று இங்குள்ளவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மேல் டிவிசனில் மழை ஞாயிற்றுக்கிழமை பிடித்தது. மத்தியானம் நான் நனைந்துகொண்டு போய்ப் பார்த்தபோது தண்ணீர் சிவப்புக் கோட்டுக்கு மேலே நின்றது. கோயில் மணியை அடித்தேன். ஆட்கள் வந்தார்கள், இறங்கத் தயங்கினார்கள். பீலித் தண்ணீர் தெளிவாகத்தான் விழுந்துகொண்டிருந்தது. பிள்ளையைத் தோளில் போட்டிருந்த ஒருவர், "போன தடவை இந்தக் கோடு பொய்தானே சொல்லிச்சு டீச்சர்" என்றார்.

பதில் சொன்னது பார்வதி. புதிய கன்றுக்குட்டியைக் கயிற்றில் பிடித்தபடி நின்றவள், "தப்புன்னு கடல் தாண்டி வந்து நம்ம முன்னால நின்னு சொன்ன மனுசன் போட்ட கோடு இது," என்றாள். "நான் இறங்குறேன். நீங்க நில்லுங்க." சொல்லிவிட்டு நடந்தாள். பத்துக் குடும்பமும் அவளுக்குப் பின்னால் இறங்கியது.

திங்கள் விடியற்காலையில் மலை வந்தது. எங்கள் நான்காவது காம்பிரா இப்போது இல்லை, லயமே இல்லை. உள்ளே ஆளும் இல்லை, மாடும் இல்லை. பழைய வழக்கப்படி திங்கட்கிழமை காலையில்தான் பார்த்திருந்தால், பார்க்க யார் இருந்திருப்பார்கள் என்று எனக்குத் தெரியாது.

நன்றி சொல்ல வேண்டும். அண்ணனைக் கடைசி மாதங்களில் கண்ணுக்குள் வைத்துப் பார்த்த அண்ணிக்கும் பிள்ளைகளுக்கும், மருத்துவர்களுக்கும் தாதியருக்கும், குளிரில் நின்று வழியனுப்பிய அவருடைய அலுவலகத் தோழர்களுக்கும், இங்கே எங்கள் வீட்டில் முப்பத்தொரு நாள் துக்கத்திலும் சாப்பாடு தந்து அடுப்பெரியாமல் பார்த்துக்கொண்ட அயலவர்களுக்கும், பழைய புத்தகங்களைத் தந்துதவிய ஆபீஸ் ஆட்களுக்கும், பத்துக் குடும்பங்களுக்குப் பள்ளிக்கூடத்தைத் திறந்துவிட்ட அதிபருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. பார்வதிக்கு நன்றி சொன்னால் திட்டுவாள், இருந்தாலும் சொல்கிறேன். தனக்குப் படிக்கத் தெரியாத கண்ணாடிக் குவளையை மகனிடம் கொடுத்துப் படிக்கச் சொன்ன அப்பாவுக்கும்.

இதை எழுதுவது ஞாயிற்றுக்கிழமை. அண்ணே, இன்றைக்குப் பதினான்கு மில்லிமீட்டர். நானேதான் பார்த்தேன். கூரைக்குக் கீழே இல்லை.

உங்கள் தங்கை,
புஷ்பம்